பேறுகாலக் கிழிவு: தமிழ்நாட்டுக் குடும்பங்களுக்கு ஒரு வேண்டுகோள்

மகப்பேற்று மருத்துவர்கள், செவிலியர்கள், இயன்முறை மருத்துவர்கள், பிள்ளை பெற்றுத் தேறிய பெண்கள் ஆகியோர் கூடி அமைத்துள்ள குழு, தமிழ்நாட்டுக் குடும்பங்களின் முன் வைக்கும் வேண்டுகோள் இது. 2019–21இல் நடந்த தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி இம்மாநிலத்துப் பிரசவங்களில் நூற்றுக்கு 99க்கும் மேற்பட்டவை மருத்துவமனைகளிலேயே நிகழ்கின்றன. அவற்றுள் ஏறத்தாழ 45 விழுக்காடு அறுவைச் சிகிச்சையாக அமைய, எஞ்சிய தாய்மார் பிறப்புறுப்பின் வழியே பிள்ளை பெறுகின்றனர். அவ்வழியில் முதல் குழந்தையைப் பெறுவோரில் பத்துக்கு ஒன்பது பேர் வரை ஏதேனும் ஓர் அளவில் கிழிவுக்கு உள்ளாகின்றனர் என்பது பிரிட்டனின் மகப்பேற்று மருத்துவர் அரச கல்லூரி தரும் கணக்கு. இத்தனை பரவலான ஒரு காயம், தாயும் சேயும் நலம் என்ற செய்தி உறவினருக்குப் போய்ச் சேர்ந்த நொடியிலேயே பேச்சிலிருந்து மறைந்துவிடுகிறது. அது ஆறாமல் ஆண்டுக்கணக்கில் நீடிப்பதற்குக் காயத்தின் கடுமையைக் காட்டிலும், அதை யாரும் சரிவரப் பார்க்காததும் பிறகு யாரும் கேட்காததுமே பெரிய காரணங்கள் என்பது இக்குழுவின் துணிபு.

பிறப்புறுப்புக்கும் மலவாய்க்கும் இடைப்பட்ட தோலும் தசையும் சேர்ந்த பகுதியை மருத்துவர்கள் பெரினியம் என்கின்றனர். குழந்தையின் தலை வெளிவரும்போது இப்பகுதி மெல்லிய தாள்போல் விரிந்து கொடுக்கிறது. விரியும் எல்லையைத் தாண்டும்போது கிழிகிறது. தோலும் உட்சவ்வும் மட்டும் கிழிவது முதல் நிலை. அதற்கு அடியிலுள்ள தசையும் சேர்ந்து கிழிவது இரண்டாம் நிலை. பெரும்பாலான பெண்களுக்கு நேர்வது இவ்விரண்டில் ஒன்றுதான். முறையாகத் தைத்தால் சில வாரங்களில் ஆறிவிடும். மலத்தையும் வாயுவையும் அடக்கிவைக்க உதவும் மலவாய்ச் சுருக்குத் தசை வரை கிழிவு செல்வது மூன்றாம் நிலை. அதையும் கடந்து மலக்குடலின் உட்சவ்வு வரை செல்வது நான்காம் நிலை. பெருங்கிழிவு எனப்படும் பிந்திய இரண்டும் பிரிட்டனில் முதற்பேற்றுப் பெண்களில் நூற்றுக்கு ஆறு பேருக்கு நேர்வதாகவும், ஆசிய வம்சாவளியினருக்கும், நான்கு கிலோவுக்கு மேற்பட்ட குழந்தையைப் பெறுவோருக்கும், நம் ஊரில் ஆயுதம் போட்டு எடுப்பது என்று சொல்லப்படும் இடுக்கிப் பிரசவத்துக்கு உள்ளாவோருக்கும் இந்த அபாயம் கூடுதல் என்றும் கண்டறிந்துள்ளனர்.

இக்காயத்தின் வரலாற்றில் 1993ஆம் ஆண்டு முக்கியமானது. அவ்வாண்டு லண்டனில் அப்துல் சுல்தானும் அவருடைய சகாக்களும், பிரசவத்துக்கு முன்னும் பின்னும் மலவாய்த் தசையை மீயொலிக் கருவியால் படம்பிடித்து, முதன்முறை பிள்ளை பெற்றவர்களில் 35 விழுக்காட்டினருக்கு அத்தசையில் முறிவு இருந்ததைக் காட்டினர். அவர்களுள் மிகப் பெரும்பாலோருக்குப் பிரசவ அறையில் அப்படி ஒரு காயம் இருப்பதாக யாரும் சொல்லியிருக்கவில்லை. கண்ணுக்குத் தெரியாத காயம் போலும் என்று பலரும் கருதியிருக்க, பிரசவ அறையில் ஒருமுறை சோதிக்கப்பட்ட பெண்களைப் பயிற்சி பெற்ற ஒருவர் மறுபடி சோதித்தால் என்ன தெரியவரும் என்பதை 2006இல் வெளியான மற்றோர் ஆய்வில் பார்த்தனர். கண்டுபிடிக்கப்பட்ட தசைக் கிழிவுகளின் எண்ணிக்கை இருமடங்குக்கு மேல் உயர்ந்தது. விடுபட்டுப்போன காயங்களில் பெரும்பகுதி, விரலால் தொட்டுப் பார்த்திருந்தால் அகப்பட்டிருக்கக்கூடியவையே. தைப்பதற்கு முன் நல்ல வெளிச்சத்தில், போதிய மரப்பு ஊசி போட்டு, மலவாய்க்குள் விரல்விட்டுச் சோதிப்பதும், தைத்து முடித்தபின் இன்னொரு முறை அவ்வாறே சோதிப்பதும் சில நிமிடங்களில் முடியும் வேலை. அதற்கு விலையுயர்ந்த கருவி எதுவும் தேவையில்லை. அச்சோதனை எதற்கென்று முன்கூட்டியே விளக்கித் தாயின் சம்மதத்தைப் பெறுவது மருத்துவரின் கடமை. கூச்சத்தால் அதை மறுக்காமலிருக்கும்படி தாய்மாரை இக்குழு வேண்டுகிறது.

கிழிவைத் தடுப்பதற்கென்று நெடுங்காலம் கையாளப்பட்ட வழி, கத்தரியால் முன்கூட்டியே வெட்டிவிடுவதாகும். எபிசியாட்டமி எனப்படும் இவ்வெட்டை முதற்பேறு அனைத்திலும் செய்யலாம் என்ற கருத்துக்கு 1920இல் அமெரிக்க மருத்துவர் ஜோசப் டிலீ வலுவூட்டினார். உரிய சோதனை எதுவும் இன்றியே அது பல நாடுகளில் வழக்கமாகிவிட்டது. 1993இல் அர்ஜென்டினாவில் 2,606 பெண்களிடம் நடத்திய ஆய்வு, எல்லோருக்கும் வெட்டுவதால் பெருங்கிழிவு குறைவதில்லை என்று தெளிவாக்கியது. உலக சுகாதார நிறுவனமும் 2018ஆம் ஆண்டு வழிகாட்டுதலில் இவ்வெட்டை வழக்கமாகச் செய்வதைப் பரிந்துரைக்கவில்லை. குழந்தையின் இதயத் துடிப்பு குறையும்போதும், ஆயுதம் போடும்போதும் அது தேவைப்படலாம். அப்போதும் நடுக்கோட்டிலிருந்து சுமார் 60 பாகைச் சாய்வில் வெட்டினால்தான் மலவாய்த் தசை தப்பும். எனவே வெட்டே கூடாது என்று மருத்துவரோடு மல்லுக்கு நிற்பதும் சரியன்று. எதற்காக வெட்டப்பட்டது என்று கேட்டறிவதே குடும்பத்தின் உரிமை.

மெய்யாகவே பயன் தரும் வழிகள் வியப்பூட்டும் அளவுக்கு எளியவை. தலை தெரியத் தொடங்கும் கட்டத்தில், வெதுவெதுப்பான நீரில் நனைத்துப் பிழிந்த சுத்தமான துணியைப் பெரினியத்தின்மேல் வைத்திருப்பது பெருங்கிழிவைக் குறைக்கிறது. பிரசவம் பார்ப்பவர் ஒரு கையால் குழந்தையின் தலை சடாரென்று வெளிவராமல் மெல்லத் தடுத்து, மறு கையால் பெரினியத்தைத் தாங்கிக்கொண்டு, முக்குவதை நிறுத்தி வாயால் ஊதும்படி தாயிடம் சொல்லும் அந்த ஓரிரு நிமிடங்களில்தான் காயத்தின் அளவு பெரும்பாலும் முடிவாகிறது. நார்வேயில் 2004 வாக்கில் நூற்றுக்கு நான்காக இருந்த பெருங்கிழிவு, இக்கைப்பக்குவத்தை நாடு முழுதும் மருத்துவச்சிகளுக்கு மறுபடி கற்பித்ததைத் தொடர்ந்து சில ஆண்டுகளில் ஏறத்தாழப் பாதியாகக் குறைந்தது. சுற்றி நிற்போர் எல்லோரும் “முக்கு, முக்கு” என்று விரட்டுவதும், வயிற்றை மேலிருந்து அழுத்திப் பிள்ளையைத் தள்ளுவதும் இதற்கு நேர் எதிரான செயல்கள். பின்னதை உலக சுகாதார நிறுவனம் கூடாதென்றே சொல்லியிருக்கிறது. கர்ப்பத்தின் கடைசி ஐந்தாறு வாரங்களில், கழுவிய விரலில் எண்ணெய் தடவிப் பிறப்புறுப்பின் கீழ்விளிம்பை வாரம் ஓரிரு முறை மெல்ல நீவி விரித்துவருவதும் முதற்பேற்றுப் பெண்களுக்குத் தையலின் தேவையை ஓரளவு குறைக்கிறது. தொற்றோ இரத்தப்போக்கோ இருந்தால் மட்டும் இதைத் தவிர்க்க வேண்டும்.

தைப்பதைப் பற்றி நீளச் சொல்ல வேண்டியதில்லை. தானே கரையும் நூலால், வலி தெரியாதபடி மரக்கச் செய்து தைப்பதே முறை. மூன்றாம், நான்காம் நிலைக் கிழிவை அனுபவமுள்ள மருத்துவரே அறுவை அரங்கில் வைத்துத் தைப்பது நல்லது. கணவனின் இன்பத்துக்காக என்று சொல்லிக் கூடுதலாக ஒரு தையல் போட்டு இறுக்குவதற்கு மருத்துவத்தில் இடமே இல்லை. அது உடலுறவில் தீராத வலியைத்தான் தரும் என்பதை ஆண்கள் அறிந்திருக்க வேண்டும்.

வீடு திரும்பியபின் நடப்பதைக் குறித்தே இவ்வேண்டுகோள் அதிகம் கவலைப்படுகிறது. பிள்ளை பெற்றவளை வேலை வாங்காமல் படுக்க வைத்து, தாய்வீட்டில் வேளைக்கு உணவு கொடுத்துப் பேணும் வழக்கத்தைவிட நல்ல மருந்து காயத்துக்கு வேறில்லை. ஆனால், தண்ணீர் குடித்தால் வயிறு பெருத்துவிடும், புண் சீழ் பிடிக்கும் என்று சொல்லித் தண்ணீரை அளந்து கொடுப்பதும், கீரை, காய், பழங்களை விலக்கிப் பத்தியம் காப்பதும் அப்பேணுதலின் பயனையே அழித்துவிடுகின்றன. தையல் போட்ட இடத்துக்கு முதல் எதிரி மலச்சிக்கல். இறுகிய மலத்தை முக்கி வெளியேற்றும்போது தையல் விண்ணென்று இழுக்கிறது, அந்த வலிக்குப் பயந்து மலத்தை அடக்குவதால் அது மேலும் இறுகுகிறது. இவற்றோடு, பிரசவத்துக்குப் பின் ஆறு மாதம் கொடுக்கப்படும் இரும்புச்சத்து மாத்திரையும் மலத்தை இறுக்கக்கூடியது. மாத்திரையை நிறுத்தாமல், தண்ணீரையும் நார்ச்சத்துள்ள உணவையும் கூட்டுவதே இதற்கு வழி. பாலூட்டும் தாய்க்குத் தாகம் எடுக்கும்போதெல்லாம் தண்ணீர் கொடுக்க வேண்டும் என்பதைப் பாட்டிமார் ஏற்றுக்கொண்டால், இவ்வேண்டுகோளின் பாதி நிறைவேறிவிடும். பிரசவ லேகியத்தின் பூண்டையும் சுக்கையும் பற்றி இங்கு வழக்கு ஏதும் இல்லை.

கொதிக்கக் கொதிக்க வெந்நீரை இடுப்பில் விளாசி ஊற்றும் வழக்கத்தைத் தையல் ஆறும்வரை ஒத்திவைக்க வேண்டும். முதல் ஓரிரு நாள், துணியில் பொதிந்த பனிக்கட்டியைப் பத்து நிமிடம் ஒற்றி எடுப்பது வீக்கத்தைத் தணிக்கும். பிறகு வெதுவெதுப்பான நீரில் சிறிது நேரம் உட்காருவது இதமளிக்கும். கழுவுவதும் துடைப்பதும் முன்னிருந்து பின்னாகவே இருக்க வேண்டும். நாப்கினை நான்கைந்து மணி நேரத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும். மஞ்சள், எண்ணெய், சாம்பல் எதையும் தையலின்மேல் பூசலாகாது. காய்ச்சல், துர்நாற்றம், சீழ், நாளுக்கு நாள் கூடும் வலி, தையல் பிரிந்து வாய் திறத்தல் ஆகியவற்றில் எது கண்டாலும் அன்றே மருத்துவமனைக்குப் போக வேண்டும். 104 என்ற எண்ணிலும் ஆலோசனை கேட்கலாம்.

இவை எல்லாவற்றையும்விடச் சொல்லத் தயங்கப்படுவது ஒன்றுண்டு. வாயு தன்னையறியாமல் பிரிவது, அவசரம் வந்தால் கழிப்பறை போய்ச் சேருமுன் மலம் கசிவது, பிறப்புறுப்பின் வழியாகவே வாயுவோ மலமோ வருவது ஆகியவை பெருங்கிழிவு விடுபட்டதன், அல்லது சரியாகக் கூடாததன் அடையாளங்கள். இவற்றோடு வாழும் பெண்கள் கல்யாண வீடுகளுக்கும் கோயிலுக்கும் போவதை நிறுத்திக்கொள்கின்றனர். பேருந்துப் பயணத்துக்கு முன் பட்டினி கிடக்கின்றனர். காரணத்தைக் கணவனிடமும் சொல்வதில்லை. பிள்ளை பெற்றால் இப்படித்தான் இருக்கும் என்று மூத்தவர் ஒருவர் சொல்லிவிட்டால் அவர்கள் மருத்துவரையும் நாடுவதில்லை. உண்மையில், பெருங்கிழிவு உரிய நேரத்தில் தைக்கப்பட்டவர்களில் 60 முதல் 80 விழுக்காட்டினர் ஓராண்டுக்குள் தொல்லையின்றித் தேறுகின்றனர். விடுபட்டதைப் பின்னாளில் சீர்செய்யவும் அறுவைச் சிகிச்சை உண்டு. ஆகவே வீட்டுக்கு வரும் கிராம சுகாதாரச் செவிலியர் குழந்தையின் எடையைக் கேட்பதோடு நில்லாமல், தனியிடத்தில் தாயிடம் இக்கேள்விகளையும் நேராகக் கேட்க வேண்டும் என்றும், குடும்பத்தார் அதற்கு இடம்விட்டு விலகியிருக்க வேண்டும் என்றும் இக்குழு வேண்டுகிறது.

இடுப்புத்தளத் தசைகளுக்கான பயிற்சியையும் அச்செவிலியரிடமே கேட்டுக்கொள்ளலாம். வாயுவை அடக்குவதுபோல் அத்தசைகளை உள்ளிழுத்துச் சில நொடி பிடித்துத் தளர்த்துவதை, பத்துப் பத்து முறையாக நாளுக்கு மூன்று வேளை, மாதக்கணக்கில் செய்துவர வேண்டும். 2021இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் இயன்முறை மருத்துவர்கள் வீடு தேடி வருகின்றனர். பிள்ளை பெற்ற பெண்களும் அவர்கள் பார்க்க வேண்டியவர்களே என்ற கோரிக்கையைக் கிராம சபைகளில் எழுப்புவதற்கு ஊர்மக்களின் ஆதரவு தேவை. உடலுறவுக்கு இத்தனை நாள் என்ற விதி ஏதுமில்லை. காயம் ஆறி, வலி நீங்கி, மனைவி மனம் ஒப்பும்வரை கணவன் பொறுத்திருக்க வேண்டும்.

மூன்றாம் அல்லது நான்காம் நிலைக் கிழிவு கண்டவருக்கு அடுத்த பிரசவத்தில் அது மறுபடி நேரும் வாய்ப்பு நூற்றுக்கு ஐந்து முதல் ஏழு. தொல்லை ஏதும் எஞ்சாதவர் இயல்பாகவே பிள்ளை பெறலாம், கசிவு நீடிப்பவர் அறுவைச் சிகிச்சை குறித்து மருத்துவரோடு கலந்து முடிவெடுக்கலாம். இம்முடிவை எடுப்பதற்கு முந்திய கிழிவின் நிலை தெரிந்தாக வேண்டும். டிஸ்சார்ஜ் சீட்டில் “தையல் போடப்பட்டது” என்ற ஒற்றை வரி அதற்குப் போதாது. கிழிவு எந்த நிலை, வெட்டியதா தானே கிழிந்ததா, மலவாய்த் தசை சோதிக்கப்பட்டதா என்பவற்றை எழுதித் தரும்படி வார்டை விட்டுக் கிளம்புமுன் கேட்டுப் பெற்று, தாய்சேய் நல அட்டையோடு சேர்த்து வைத்திருந்து, அடுத்த கர்ப்பத்தின் முதல் பரிசோதனையிலேயே அச்சீட்டைக் காட்டுமாறு இக்குழு ஒவ்வொரு குடும்பத்தையும் கேட்டுக்கொள்கிறது.