அலமாரி மேல் கிடக்கும் ஊர்

போடிநாயக்கனூரில் கொஞ்சம் பழைய வீடாக இருந்தால், அலமாரி மேல் தூசி படிந்த வி.எச்.எஸ். கேசட் ஒன்றாவது கிடக்கும். கல்யாணம், காதுகுத்து, சடங்கு என்று ஏதோ ஒரு விசேஷம். இவை வீட்டுச் சாமான் மட்டுமல்ல, ஊரின் ஆவணமும்கூட.

ஊரை ஒட்டிய மலைச்சரிவின் கூலித் தொழிலாளிகளை லெனின் பாரதியின் 'மேற்குத் தொடர்ச்சி மலை' 2018-இல் திரைக்குக் கொண்டுவந்தது. அது ஓர் இயக்குநர் தேர்ந்தெடுத்த காட்சி. கல்யாண வீடியோக்காரரோ மணமக்களைத்தான் எடுத்தார். மொய் எழுதுகிறவர், பந்தியில் இலை போடுகிறவர், அன்றைய சேலைக்கட்டு, தெருப்பேச்சு எல்லாம் கேட்காமலே பதிவாகிவிட்டன. ஊர் வரலாற்றுக்கு அந்த ஓரங்கள்தான் வேண்டும்.

வீட்டுப் படம் ஆவணமாவது புதிதல்ல. இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்காவின் டோபாஸ் முகாமில் அடைக்கப்பட்டிருந்த ஜப்பானிய வம்சாவளியினரான டேவ் டாட்சுனோ, ரகசியமாகக் கொண்டுவந்த 8 மி.மீ. கேமராவில் அங்கிருந்தவர்களின் அன்றாடத்தை எடுத்தார். அந்தக் குடும்பப் படம் 1996-இல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றது.

நம் கேசட்டுகளைக் காப்பாற்ற நேரம் குறைவு. காந்த நாடாவின் பசை ஈரத்தை உறிஞ்சும், பூஞ்சை பிடிக்கும். வி.சி.ஆர். தயாரித்துவந்த கடைசி நிறுவனமான ஜப்பானின் ஃபுனாய் 2016-இலேயே உற்பத்தியை நிறுத்திவிட்டது. பூஞ்சை பிடித்த கேசட்டைப் பிளேயரில் திணித்துப் பார்க்காமல், விஷயம் தெரிந்தவர்களிடம் கொடுத்து டிஜிட்டலுக்கு மாற்றுவதே நல்லது.

இந்தக் கேசட்டுகளில் இல்லாத ஒன்றும் உண்டு: வேலை நாள். வாடகைக் கேமரா விசேஷத்துக்குத்தான் வந்தது. விடிகாலையில் ஜீப்பேறி போடிமெட்டு வழியாக இடுக்கி ஏலத்தோட்டங்களுக்குப் போகும் பெண்களையும், காய் தரம் பிரிக்கும் கைகளையும் யார் காசு கொடுத்து எடுப்பார்கள்? இன்று கையில் செல்போன் இருந்தும் பிறந்தநாள் கேக்கையே எடுக்கிறோம். அம்மாவின் ஒரு சாதாரண திங்கட்கிழமையை எடுப்பதில்லை.

இருக்கிற கேசட்டுகளைத் திரட்டும் வேலையைப் போடி ஏல விவசாயிகள் சங்கக் கல்லூரி மாணவர்கள் தொடங்கலாம். கேசட்டைப் போட்டுக்காட்டி, இது யார், எந்தத் தெரு, எந்த வருஷம் என்று பெரியவர்களிடம் கேட்டு எழுதிக்கொள்ளலாம். ஒரு பிரதியைப் பொதுவில் வைக்குமுன் குடும்பத்தின் சம்மதம் கட்டாயம். சடங்கு வீடியோவாக இருந்தால் அந்த முடிவு அப்பாவுடையதோ தாய்மாமனுடையதோ அல்ல. அன்று மணையில் உட்கார்ந்திருந்த பெண்ணுடையது.