ராணிக்கும் மேசையில் இடமில்லை

2004-இல் வந்த ‘மீன் கேர்ள்ஸ்’ படத்தைப் பள்ளிக்கூடச் சண்டைக் கதையாகவே பலர் நினைவில் வைத்திருக்கிறார்கள். எனக்கு அது அசல் அபத்த நாடகம். பள்ளியின் ராணி ரெஜினாவை அவமானப்படுத்த அவள் பனியனில் இரண்டு ஓட்டை போடுகிறார்கள். அவளோ சட்டை செய்யாமல் அதையே மாட்டிக்கொண்டு நடக்கிறாள். பின்னாலேயே மற்ற பெண்களும் ஓட்டை பனியனில் வருகிறார்கள்! ரோசலிண்ட் வைஸ்மன் பெற்றோருக்கு எழுதிய வழிகாட்டி நூலிலிருந்து திரைக்கதையாசிரியர் டீனா ஃபே கறந்த நகைச்சுவை இந்தப் படம். வெள்ளிக்கிழமை தவிர டிராக் பேன்ட் கூடாது என்பது ரெஜினாவின் தோழிக் கும்பலின் சட்டம். உடம்பு பெருத்து, வேறெதுவும் நுழையாமல், திங்களன்று டிராக் பேன்ட்டில் வந்த ராணியையே சாப்பாட்டு மேசையிலிருந்து விரட்டுகிறார்கள். முடிவில் பள்ளி நடன விழா ராணிக்கான கிரீடத்தை உடைத்துப் பங்கிட்டுச் சமாதானமாவதுதான் எனக்கு ஒட்டவில்லை. அடுத்த வாரமே அந்த மேசைக்குப் புதுச் சட்டம் வந்திருக்கும்.