வருகைப் பதிவேடு யார் கையில்?

"நாளையிலிருந்து வர வேண்டாம்." தினக்கூலி ஊழியரை வேலையிலிருந்து நிறுத்த நம் ஊரில் இந்த ஒரு வரி போதும். சொல்பவர் மேஸ்திரியாகவோ சூப்பர்வைசராகவோ இருப்பார். காகிதம் கிடையாது, கையெழுத்து கிடையாது. ஏன் என்று கேட்டால், "மேலே போய்க் கேளுங்க." மேலே போனால், "உங்க பேரே லிஸ்ட்டில் இல்லையே."

எனக்குத் தெரிந்த அக்கா ஒருவர் நகராட்சி ஒன்றின் குடிநீர்ப் பிரிவில் பல வருடம் தினக்கூலியாக இருந்தார். நிறுத்தப்பட்டபோது அவரிடம் மிஞ்சியிருந்தவை மாதக் காலண்டர்கள்தான். வேலைக்குப் போன தேதிகளைப் பேனாவால் சுழித்திருந்தார். கூலி வாங்கிய நாளில் தொகை, இரவு ஷிஃப்டுக்கு ஒரு நட்சத்திரக் குறி. எல்லாவற்றையும் சுருட்டி, ரப்பர் பேண்ட் போட்டு, துணிக்கடைப் பையில் வைத்திருந்தார். தொழிற்சங்க வக்கீல் பொறுமையாகப் புரட்டிப் பார்த்தார். "இது நீங்க எழுதினது அம்மா. அவங்க எழுதிக் கொடுத்தது ஏதாவது இருக்கா?" இல்லை.

தினக்கூலிக்கு எந்த உரிமையும் இல்லை என்று பலரும் நினைக்கிறார்கள். அது தவறு. ஒரு வருடத்தில் 240 நாள் வேலை பார்த்தவரை ஆட்குறைப்பு செய்வதென்றால், ஒரு மாத நோட்டீஸ் அல்லது அதற்கு ஈடான சம்பளம் தர வேண்டும்; முடித்த ஒவ்வொரு வருடத்துக்கும் 15 நாள் சராசரிச் சம்பளம் இழப்பீடாகத் தர வேண்டும். 1947-ன் தொழில் தகராறுகள் சட்டம் சொன்னது இது. 2025 நவம்பர் 21 முதல் அதன் இடத்துக்கு வந்திருக்கும் தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பும் இதையே சொல்கிறது. தமிழ்நாட்டில் இன்னும் ஒரு படி மேலே, 1981-லேயே தனிச் சட்டம் போட்டோம்: 24 மாதத்தில் 480 நாள் தொடர்ந்து வேலை செய்தவரை நிரந்தரமாக்க வேண்டும். கட்டுமான வேலை போன்ற சிலவற்றுக்கு மட்டும் அது பொருந்தாது.

ஆனால் 240-ஐயும் 480-ஐயும் எண்ணுகிற நோட்டு முதலாளியிடம் இருக்கிறது. நாள்களை நிரூபிக்க வேண்டியவரோ தொழிலாளி. தொழிலாளியின் வாய்மொழியும் பிரமாணப் பத்திரமும் மட்டும் போதாது என்று 2002-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பிறகு எல்லட்டி என்ற தினக்கூலி ஊழியரின் வழக்கில், இப்படிப்பட்டவர்களிடம் நியமன ஆணையோ சம்பளச் சீட்டோ இருக்காது, மஸ்டர் ரோல் எனும் வருகைப் பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லித்தான் அவர்களால் கேட்க முடியும் என்பதை அதே நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. காசியாபாத் மாநகராட்சியின் தோட்டத் தொழிலாளர்கள் 2005-ல் நோட்டீஸும் இழப்பீடும் இல்லாமல் நிறுத்தப்பட்டவர்கள். 2025 ஜனவரியில்தான் அவர்களை மீண்டும் வேலைக்குச் சேர்க்கச் சொல்லி, பாதிச் சம்பள பாக்கியோடு தீர்ப்பு வந்தது. பதிவேட்டைத் தாக்கல் செய்யாத நிர்வாகத்துக்கு எதிராகவே முடிவு எடுக்கலாம் என்று அதில் நீதிமன்றம் சொன்னது. நல்ல தீர்ப்பு. ஆனால் இருபது வருடம்! வேலை போனபோது தொட்டிலில் கிடந்த பிள்ளை அதற்குள் கல்லூரிக்குப் போயிருக்கும்.

அரசுத் துறை என்றால் 2006-ன் உமாதேவி தீர்ப்பை எடுத்து நீட்டுவார்கள். தற்காலிகமாகச் சேர்ந்தவர் நிரந்தரம் கோர முடியாது என்ற தீர்ப்பு அது. நிரந்தரம் கேட்பது வேறு. நிறுத்துவதானால் சட்டப்படி நிறுத்து என்று கேட்பது வேறு. இரண்டையும் ஒன்றாகக் குழப்பியே பலரை வெறுங்கையோடு அனுப்பிவிட்டார்கள். வருடக்கணக்காக நிரந்தரத் தன்மையுள்ள வேலையை வாங்கிக்கொண்டு அந்தத் தீர்ப்பைக் கேடயமாகப் பிடிக்கக் கூடாது என்று 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில் உச்ச நீதிமன்றமே கண்டித்திருக்கிறது.

இன்னொரு தந்திரம், 'பிரேக்'. கணக்கு நிரம்பப்போகிற நேரத்தில் சில நாள் வீட்டில் இருக்கச் சொல்வார்கள், அல்லது வேறு பெயரில் எழுதுவார்கள். ஒப்பந்ததாரர் மாறினாலும் இதே கதைதான்: அதே தெரு, அதே துடைப்பம், சேர்ந்த தேதி மட்டும் புதிது. 2025 ஆகஸ்டில் சென்னையின் ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலத் தூய்மைப் பணியாளர்கள் ரிப்பன் மாளிகை முன்பு இரவு பகலாக உட்கார்ந்து, மாநகராட்சியின் கீழேயே வேலை வேண்டும் என்று கேட்டதை இந்தப் பின்னணியில் பார்த்தால்தான் புரியும்.

ஆகவே தொழிலாளர் துறையிடம் நாம் முதலில் கேட்பது இது: எண்ணிக்கையைத் தொழிலாளியின் கையில் கொடுங்கள். மாதாமாதம் வேலை செய்த நாள், இதுவரை சேர்ந்த மொத்த நாள், கூலி, பி.எஃப். பிடித்தம், எல்லாம் போட்ட ஒரு சீட்டு. முகம் காட்டி வருகை பதிகிற செயலிகள் உள்ளாட்சிகளில் வந்துவிட்டன. அந்தப் பதிவைத் தொழிலாளியின் போனுக்கும் குறுஞ்செய்தியாக அனுப்புவதில் என்ன சிரமம்? நியமனக் கடிதம் தர வேண்டும் என்று புதிய பணிப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு சொல்கிறது. ஏற்கெனவே வேலையில் இருந்தவர்களுக்கு மூன்று மாதத்துக்குள் தரச் சொல்கிறது. அந்தக் கடிதத்தில் உண்மையாகச் சேர்ந்த தேதி இருக்கிறதா என்று ஆய்வாளர்கள் நேரில் போய்ப் பார்க்க வேண்டும். எழுத்தில் இல்லாத பணிநீக்கம் செல்லாது என்று மாநில அரசு விதி செய்ய வேண்டும்.

வேலை போனவர்களுக்கும் ஒரு வார்த்தை. வழக்குக்கு முன்பு மூன்று வருட அவகாசம் இருந்தது; புதிய சட்டத் தொகுப்பில் அது இரண்டாகக் குறைந்துவிட்டது. "திரும்பக் கூப்பிடுவாங்க" என்று காத்திருக்காதீர்கள். வேலை கேட்டு ஒரு கடிதத்தை ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி, அது சேர்ந்ததற்கான அத்தாட்சியைப் பத்திரப்படுத்துங்கள். அதன் நகலோடு தொழிலாளர் துறையின் சமரச அலுவலரிடம் மனு கொடுங்கள். மஸ்டர் ரோலைக் கொண்டுவர உத்தரவிடும்படி அந்த மனுவிலேயே கேளுங்கள்.