அருளா, உழைப்பா?

"ஆண்டவன் அருள்! முற்பிறவிப் பயன்! கலைவாணி கடாட்சம்!" இளையராஜா என்ற பெயரைக் கேட்டதுமே இப்படிப் புகழ்மாலை தொடுப்போர் நாட்டிலே ஏராளம். பாராட்டுத்தானே, இதிலே குற்றம் என்ன என்பீர்கள். இருக்கிறது தோழர்களே, பெருங்குற்றம் இருக்கிறது!

1943இல் பண்ணைப்புரத்தில், ஒடுக்கப்பட்ட குடும்பமொன்றில் பிறந்த சிறுவனைத் தேடிக் கலைவாணியா வந்தாள்? அண்ணன் பாவலர் வரதராசன் பொதுவுடைமைக் கட்சி மேடைகளில் பாட, ஊர் ஊராக அவருடன் அலைந்து வாசித்தவர் அவர். சென்னையில் தன்ராஜ் மாஸ்டரிடம் மேனாட்டு இசையைப் பயின்றார். இலண்டன் டிரினிட்டி கல்லூரியின் கிதார்த் தேர்வில் தேறினார். ஜி. கே. வெங்கடேசிடம் உதவியாளராக உழைத்தார். அதன் பின்னரே, 1976இல், பஞ்சு அருணாசலத்தின் வாயிலாக 'அன்னக்கிளி' வந்தது. பிறகு ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்கள்! எண்பதைக் கடந்த வயதில், 2025 மார்ச் 8இல், இலண்டனிலே அவருடைய சிம்பொனி அரங்கேறியது.

இத்தனை உழைப்பையும் 'அருள்' என்ற ஒரு சொல்லால் ஏன் மூடுகிறார்கள்? உழைப்பு என்று ஒப்பினால், அடுத்த கேள்வி எழும்: ஒதுக்கப்பட்ட தெருக்களில் பிறந்த மற்றப் பிள்ளைகளுக்கு ஆசான் எங்கே, கருவி எங்கே, வழி எங்கே? அருள் என்றுவிட்டால் கேள்வியே இல்லை. ஒருவருக்கு ஆண்டவன் கொடுத்தான், மற்றவருக்குத் தலைவிதி!

எங்கள் புதுக்கோட்டையைப் பாருங்கள். குடுமியான்மலைப் பாறையிலே ஏழாம் நூற்றாண்டில் ஏழு பண்களின் சுரங்களைப் பொறித்து வைத்தார்கள். கல்லுக்கும் இசை கற்பித்த மண் இது! அதே அன்னவாசல் வட்டாரத்து வேங்கைவயலில், 2022 டிசம்பரில், ஒடுக்கப்பட்டோரின் குடிநீர்த் தொட்டியிலே மலம் கிடந்தது. செய்தவர் யார் என்பது வழக்குக்குரியது. ஆனால் விசாரிக்கச் சென்ற அதிகாரிகள் பக்கத்து இறையூரில் கண்டதென்ன? தேநீர்க் கடையிலே இரட்டைக் குவளை! ஐயனார் கோயிலிலே நுழையத் தடை! மாவட்ட ஆட்சியரே அழைத்துச் சென்ற பிறகுதான் அம்மக்கள் உள்ளே கால் வைக்க முடிந்தது.

கடைதோறும் காலை முதல் இரவு வரை இளையராஜாவின் பாட்டு! காதுக்குத் தீட்டில்லை, குவளைக்கு மட்டும் தீட்டா?

அவர் பக்தர். பிறப்பை வைத்துத் தம்மைச் சுட்டுவதை விரும்பாதவர். அது அவர் உரிமை. அதை நாம் பறிக்கவில்லை. நம் வழக்கு அவரோடு அன்று. அவர் உழைப்பைக் களவாடி ஆண்டவன் கணக்கிலே வரவு வைப்போரோடுதான்!

இளைஞர்களே! அவர் படத்துக்குக் கற்பூரம் காட்டாதீர்கள். ஒதுக்கப்பட்ட தெருவின் சிறுவன் கையிலே ஒரு கருவியைக் கொடுங்கள். கற்றுத்தர ஓர் ஆசானைத் தேடுங்கள். பாட்டு ஒலிக்கும் கடையிலே அவனோடு சேர்ந்து உட்கார்ந்து, ஒரே வகைக் குவளையிலே தேநீர் கேளுங்கள். இசைக்கு நாம் செய்யும் மரியாதை அதுவே!