தாயின் தீர்ப்பும் முதலாளியின் தப்பிப்பும்

1975இல் யஷ் சோப்ராவின் இயக்கத்தில், சலீம்-ஜாவேத் இருவரின் எழுத்தில் வெளிவந்த 'தீவார்' என்னும் ஹிந்திப் படத்தைக் கடமையின் காவியம் எனப் போற்றுவோர் உளர். கடத்தற்காரனாகிய அண்ணன் விஜயைப் பொலிஸ் அதிகாரியாகிய தம்பி ரவி சுட்டு வீழ்த்துகிறான். துப்பாக்கியை எடுத்துக் கொடுத்து அனுப்புபவள் பெற்ற தாய். பாசத்தை அறம் வென்றது என்பர். எவருடைய அறம் என்று அவர்கள் கேட்பதில்லை.

கதையின் முதற் குற்றவாளி விஜய் அல்லன். தொழிற்சங்கத் தலைவனின் மனைவி மக்களைப் பணயமாக்கி, தொழிலாளரைக் கைவிடும் கையொப்பத்தை அவனிடம் வாங்கியவன் சுரங்க முதலாளி. அதனால் தந்தை அவமானப்பட்டு ஓடிப்போகிறான். 'என் தந்தை திருடன்' என்று சிறுவனின் கையிலே பச்சை குத்தப்படுகிறது. தாய் பம்பாய் நடைபாதைக்கு வந்து கல் சுமக்கிறாள். பச்சை குத்தியவர்களும் வஞ்சிக்கப்பட்ட தொழிலாளரே. முதலாளியின் மாளிகைக்கு அவர்களது கை எட்டவில்லை. சிறுவனின் கை எட்டிற்று. அன்று சட்டம் எங்கே இருந்தது?

இக்கேள்வி பம்பாய்க்கு மட்டும் உரியதன்று. 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்ட வடபுல முஸ்லிம்களுள் பெருந்தொகையினர் புத்தளம் மாவட்டத்திலே தஞ்சம் புகுந்தனர். கற்பிட்டிக் குடாநாட்டின் பள்ளிவாசல்துறையிலே இப்படத்தைப் பார்ப்பவனுக்கு, துறைமுகத் தொழிலாளியாக விஜய் அணிந்த 786ஆம் இலக்க வில்லையின் பொருளை எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. குடும்பம் துரத்தப்பட்ட நாளில் வாராத சட்டம், பின்னொருநாள் கடமை கேட்டு வந்து நிற்பதன் பொருளையும் அவ்வாறே.

படத்தின் பெருஞ் சூழ்ச்சி ஒரு ரொட்டியில் இருக்கிறது. ஓடுகிற சிறுவனை ரவி சுடுகிறான். அவன் திருடியது ரொட்டி. மனம் நொந்து உணவோடு அவ்வீட்டுக்குச் செல்கிறான். தாய் ஏசுகிறாள், ஓய்வுபெற்ற ஆசிரியரான தந்தையோ, எவ்வளவு திருடினாலும் திருட்டுத் திருட்டே என்கிறார். ஏழையின் வாயாலேயே ஏழைக்கு எதிரான தீர்ப்பு! அத்தீர்ப்பின் துணிவிலேதான் ரவி அண்ணனைத் தேடிப் புறப்படுகிறான். சுரங்க முதலாளியைத் தேடிப் புறப்பட ஏன் தோன்றவில்லை? திருட்டின் அளவு பொருட்டன்று எனின், பெரிய திருட்டுக்கும் அது பொருந்த வேண்டுமன்றோ?

அமிதாப் பச்சனின் நடிப்பு பார்ப்போரை விஜயின் பக்கம் நிறுத்துகிறதே என மறுப்போர் உண்டு. உண்மைதான். 1981இல் 'தீ' எனத் தமிழில் ரஜினிகாந்த் நடித்தபோதும் மனத்தில் நின்றவன் அண்ணனே. ஆயினும் அவ்விரக்கம் அவன் கோயிலிலே தாய்மடியிற் சாவதற்குத்தான் பயன்படுகிறது. பதக்கம் தம்பிக்கு; அதனை ஏற்கத் தாய் மேடை ஏறுகிறாள். கைதட்டும் அந்தச் சபையிலே சுரங்க முதலாளியின் பெயரை எவரும் எடுக்கவில்லை.