முட்டை போடாத மீனா

மீனா என்றதும் எதிர்வீட்டுப் பெண்ணைப் பற்றிப் பேசப் போகிறேன் என்று நினைத்து விடாதீர்கள். இது ஒரு பண்டத்தின் பெயர். 1492-ல் ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்ட யூதர்களில் பலர் துருக்கி சுல்தானின் ராஜ்யத்தில் குடியேறினார்கள். சலோனிகா, இஸ்மீர், ரோட்ஸ் தீவு என்று அந்த ஊர்களின் அடுப்பங்கரையில் வளர்ந்தவள் இந்த மீனா. பஸ்கா பண்டிகைக்காக அடுக்கடுக்காக வைத்துச் சுடுவார்கள்.

பஸ்கா முடியும் வரை வீட்டில் புளித்த மாவு கூடாது. ரொட்டிக்குப் பதில் மட்ஸாதான். மாவில் தண்ணீர் பட்ட 18 நிமிஷத்துக்குள் சுட்டெடுக்கும் வறட்டு ரொட்டி அது. போதாக்குறைக்கு, மாமிசத்தையும் பாலையும் சேர்த்துச் சாப்பிடக் கூடாது. இரண்டுக்கும் தனித் தனிப் பாத்திரம். பஸ்காவுக்கென்று வேறு ஜதை! மடியும் பத்தும் பார்த்து வளர்ந்த நமக்கே மூச்சு வாங்குகிறது, இல்லையா?

மாமிசமோ பாலோ சேராத பண்டத்துக்குப் 'பார்வே' என்று பெயர். அதை எந்த விருந்தோடும் பரிமாறலாம். ஆகையால் பேத்தி ஒருத்தி, "பாட்டி, நான் வீகன் ஆகிவிட்டேன், பாலும் வேண்டாம், முட்டையும் வேண்டாம்" என்று வந்து நின்றால், பாலை விடுவதில் பாட்டிக்குச் சிரமமே இல்லை. முட்டைதான் சங்கடம். அடுக்குகளைப் பிடித்து நிறுத்தும் பசையே அதுதானே! கடலை மாவைக் கரைத்து ஊற்றலாமே என்பீர்கள். ஆனால் அஷ்கெனாஸி யூதர்களிடையே பஸ்காவில் பருப்பும் அரிசியும் விலக்கு. அமெரிக்காவில் கன்சர்வேடிவ் பிரிவினர் 2015-ல் அனுமதி கொடுத்தார்கள். பாட்டிமார் அவ்வளவு சீக்கிரம் இளகி விடுவார்களா, என்ன?

கை கொடுப்பது உருளைக்கிழங்கு. முக்கால் கிலோவை வேகவைத்து, சூட்டோடு மசித்து, 4 மேஜைக்கரண்டி ஆலிவ் எண்ணெய், உப்பு, மிளகுத்தூள் சேர்த்துக் கெட்டியாகப் பிசையுங்கள். அரைக் கிலோ பசலைக்கீரையை வதக்கி, ஆறியதும் ஒட்டப் பிழிந்து, அதில் பாதி மசியலைக் கலந்து விடுங்கள். பெரிய கத்தரிக்காய் இரண்டை வில்லைகளாக நறுக்கி, உப்புத் தடவி, அரைமணி கழித்துத் துடைத்து, எண்ணெயில் சிவக்க எடுங்கள். 2 வெங்காயமும் அரைக் கிலோ தக்காளியும் தொக்குப் பதத்துக்குச் சுண்ட வேண்டும். இங்கே சோம்பினால் வினைதான். தண்ணீர் நின்றால் பண்டம் கூழாகி விடும்.

ஆறு மட்ஸாவை ஒவ்வொன்றாக வெந்நீரில் நனைத்து, வளையும் பதம் வந்ததும் எடுத்து விடுங்கள். எண்ணெய் தடவிய தட்டில் 2 மட்ஸா, மேலே தொக்கும் கத்தரிக்காயும். மறுபடி 2 மட்ஸா, கீரை. கடைசி 2 மட்ஸாவின் மேல் மிச்ச மசியலைப் பூசி எண்ணெய் தெளித்து, ஓவனில் 180 டிகிரி செல்சியஸில் முக்கால் மணி வையுங்கள். பொன்னிறமானதும் எடுத்து, கால் மணி ஆறவிட்டுக் கத்தி வையுங்கள். சுடச்சுட வெட்டினால் சரியும். பிறகு என் மேல் பழி போடக் கூடாது!

பஸ்காவின் முதல் இரவில், எகிப்தை விட்டு விடுதலையான கதையைப் படித்த பிறகே சாப்பாடு. குழந்தைகள் பசியோடு காத்திருப்பார்கள். இதை முதல் நாளே செய்து வைத்துச் சூடாக்கிக் கொள்ளலாம் என்பது எவ்வளவு சௌகரியம்!

சில ஹஸிதிக் குடும்பங்களில் பஸ்காவின்போது மட்ஸாவை ஈரமாக்கவே மாட்டார்கள். அவர்கள் வீட்டுக்குச் செய்தால் மட்ஸாவுக்குப் பதில் உருளைக்கிழங்கை மெல்லிய வில்லைகளாகச் சீவி, அரைவேக்காடு வேகவைத்து அடுக்குங்கள்.