வெற்றிக்குப் பின் வரும் கதை

அரக்கனை வீரன் வீழ்த்தினான், ஊர் மகிழ்ந்தது, கதை முடிந்தது. வீரக் கதைகளை நாம் இவ்வாறே நினைவில் வைத்திருக்கிறோம். திரைப்படங்கள் நமக்குக் கற்பித்த பாடமும் இதுவே. ஆனால், அரக்கரைக் கொன்ற வீரர்களைப் பாடிய பழைய மரபுகள் கதையை அங்கே முடிக்கவில்லை. பாதிக் கதையை முழுக் கதையாகக் கொள்வது அறியாமை மட்டுமன்று, ஆபத்தும் ஆகும் என்பதே நம் கருத்து.

கிரேக்கர்களின் பெருவீரன் ஹெரக்ளீஸ் பல தலைகள் கொண்ட ஹைட்ரா என்னும் நாகத்தைக் கொன்றான். அதன் நஞ்சில் தன் அம்புகளைத் தோய்த்துக்கொண்டான். பின்னாளில் அவ்வம்பொன்றால் வீழ்ந்த நெஸ்ஸஸின் குருதியிலும் அந்நஞ்சு கலந்தது. அக்குருதியைக் காதல் மருந்தென நம்பி வீரனின் மனைவி அவன் ஆடையில் தடவ, அவன் உடல் வெந்து மாய்ந்தான். கொன்ற நஞ்சே கொன்றவனைத் தேடி வந்தது. இது சோபோக்ளிஸ் தந்த நாடகம். யூரிப்பிடிஸோ இன்னும் கடுமையாக எழுதினார். அரும்பணிகளை முடித்து வீடு திரும்பிய அதே வீரன், பித்தேறித் தன் மனைவியையும் மக்களையும் கொல்கிறான். அவர்களைப் பகைவனின் பிள்ளைகள் என்று எண்ணியே கொல்கிறான்! ஸ்பிங்ஸ் என்னும் கொடிய உயிரின் புதிரை விடுவித்து நகரைக் காத்த ஈடிப்பஸே, பின்னர் அந்நகரின் கொள்ளைநோய்க்குக் காரணமான மாசாக வெளிப்படுகிறான். கி.மு. 5-ஆம் நூற்றாண்டு ஏதென்ஸ் நகரத்தார் திருவிழாவில் ஒன்றுகூடி இவற்றைக் கண்டனர். வென்றவனை வழிபட மட்டுமன்று, அவனைக் குறித்து அஞ்சவும் அவர்கள் கற்றனர்.

இவ்வுண்மை நம் மண்ணுக்குப் புதிதன்று. அம்பத்தூருக்கும் ஆவடிக்கும் இடையிலுள்ள திருமுல்லைவாயில் மாசிலாமணீசுவரர் கோயிலின் தலவரலாறும் இதையே பேசுகிறது. புழல் கோட்டையை ஆண்ட குறும்பரை அடக்கப் புறப்பட்ட தொண்டைமானின் யானை முல்லைக்கொடிகளில் சிக்கியது. மன்னன் வாளால் கொடிகளை வெட்டினான், குருதி பெருகியது. உள்ளே இருந்தது சிவலிங்கம். பகைவனுக்கென உருவிய வாள் முதலில் வெட்டியது, அவன் வணங்கும் இறைவனையே! மனம் உடைந்த மன்னன் தன் தலையையே அரிய முற்பட்டான் என்கிறது தலவரலாறு. பின்னர் இறையருளால் வென்று, குறும்பரின் எருக்கந்தூண்களைக் கொணர்ந்து நிறுத்தினான். அத்தூண்கள் வெற்றியின் சின்னம். ஆயினும் லிங்கத்தின் மீது ஆண்டு முழுவதும் சாத்தப்படும் சந்தனக் காப்போ அந்த வெட்டுக்காயத்தை ஆற்றுவதற்கானது.

சரி, குறும்பர் யார்? கர்னல் மெக்கன்சி திரட்டிய சுவடிகள் அவர்களைத் தொண்டைமண்டலத்தில் கோட்டைகள் கட்டி ஆண்ட மக்களாகக் காட்டுகின்றன. ‘குறும்பு’ என்ற சொல்லுக்கோ சிற்றரண் என்றும் பொருள், தீச்செயல் என்றும் பொருள். தோற்றவனின் பெயரே குற்றச்சாட்டாகிவிட்டால், அவன் தரப்பைக் கேட்பார் யார்?

“கொடியவரை அடக்காமல் நாடு வாழுமா?” என்று வினவுவோர் உளர். குறும்பு இல்லாததே நாடு என வள்ளுவரும் கூறினாரன்றோ? உண்மைதான். அடக்க வேண்டாம் என்று நாமும் கூறவில்லை. ஆனால், அடக்குவது வேறு, அரக்கன் என்று பெயரிட்டு விசாரணையின்றிக் கொல்வது வேறு. 2019 டிசம்பர் 6 அன்று ஐதராபாத் அருகே, பாலியல் கொலை வழக்கில் பிடிபட்ட நால்வர் காவலர்களால் சுட்டுக் கொல்லப்பட்டபோது, சுட்டவர்கள் மீது மக்கள் மலர் தூவினர். உச்ச நீதிமன்றம் அமைத்த சிர்புர்கர் ஆணையமோ, கொல்லும் நோக்குடனேயே சுடப்பட்டது என்றும், இறந்தவருள் மூவர் பதினெட்டு வயது நிரம்பாதவர் என்றும் 2022-இல் வெளியான அறிக்கையில் கூறியது. தூவிய மலர்களைத் திரும்ப அள்ள முடியுமா? மறுஆண்டே, 2020 ஜூனில், நம் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் காவலர் பிடியில் வதைபட்டு மாண்டனர். அப்போது தமிழகமே பதறியது. ஐதராபாத்தில் கைதட்டி, சாத்தான்குளத்தில் கண்ணீர் விட்டவர்கள் நம்முள் எத்தனை பேர்! உருவப்பட்ட வாள் இரண்டிடத்திலும் ஒன்றே என்பதை நாம் காண மறுத்தோம்.

மோதல் சாவு நேர்ந்த உடனேயே அதில் ஈடுபட்டோருக்குப் பதவி உயர்வோ வீர விருதோ வழங்கலாகாது என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறி, கிரேக்க நாடகத்தின் அறிவையே சட்டமொழியில் உரைக்கிறது: வீரனைக் கொண்டாடுமுன் நடந்ததை விசாரியுங்கள்!

சென்னை மத்தியச் சிறை 2006-இல் புழலுக்கு இடம் மாறியது. குறும்பர் கோட்டை கட்டி ஆண்டதாகக் கூறப்படும் அதே புழலில் இன்று விசாரணைக் கைதிகள் தீர்ப்புக்காகக் காத்திருக்கிறார்கள். அவர்களுள் குற்றவாளிகளும் இருக்கலாம், குற்றமற்றவரும் இருக்கலாம். அதைப் பிரித்தறியும் பொறுமையே நாகரிகம். அந்தப் பொறுமை இல்லாத வீரத்திற்கு எருக்கந்தூண்கள் மட்டுமே கண்ணில் படும். சந்தனம் எதற்கு என்று அது ஒருபோதும் கேட்காது.